சக்கரத்தின் முதுகைப் படி

பழைய இன்னோவா ஒன்றைக் கைமாற்றி வாங்கி, மஞ்சள் போர்டு மாட்டி, கொடைக்கானலுக்கும் சபரிமலைக்கும் ட்ரிப் அடிக்கத் தொடங்குகிற தம்பிகள், கையில் நாலு காசு புரண்டதும் கேட்கிற கேள்வி ஒன்றுதான்: "வீலை மாத்தணும், எதைப் போடலாம்?" திண்டுக்கல் பக்கம் பைபாஸ் ஓரத்தில் வீல் அலைன்மென்ட் கடை வைத்தே எனக்குத் தலை நரைத்துவிட்டது. அன்றைக்கு "அண்ணே" என்று கேட்டவர்களின் பிள்ளைகள் இன்றைக்கு "ஐயா" என்று கேட்கிறார்கள். கேள்வி மாறவில்லை. "ஹப்பில ஏறுதுல்ல, அப்புறம் என்ன?" என்கிற அவசரமும் மாறவில்லை. அந்த அவசரத்தோடு வேலை பார்த்து அடிபட்டவன் நான். அதனால் கொஞ்சம் உட்கார்ந்து கேளுங்கள்.

1. எதற்காக மாற்றுகிறாய் என்று முதலில் உன்னையே கேள்.

பள்ளத்தில் விட்டு ஒரு ரிம் வளைந்துவிட்டதா? அதே அளவில் ஒரு இரும்பு ரிம் வாங்கிப் போட்டுவிட்டு அடுத்த ட்ரிப்பைப் பார். டாக்சிக்காரனுக்கு இரும்பு ரிம் கேவலம் இல்லை. இரும்பு அடிபட்டால் வளையும், அலாய் அடிபட்டால் விரிசல் விடும். வளைந்ததை வைத்துக்கொண்டு மெதுவாக வீடு வந்து சேர்ந்துவிடலாம். அழகுக்காகத்தான் மாற்றுகிறாய் என்றால் அதுவும் தப்பில்லை. ஆனால் மீதியையும் கேட்டுவிட்டு மாற்று.

2. முகத்தைப் பார்த்து வாங்காதே.

கடையில் வீலின் முகம் தெரிகிற மாதிரிதான் சுவரில் மாட்டியிருப்பார்கள். இறக்கிக் கவிழ்க்கச் சொல். விஷயமெல்லாம் முதுகில்தான் இருக்கிறது. விட்டமும் அகலமும் '15 × 6ஜே' என்கிற மாதிரி இருக்கும். 'ஈ.டி.' என்று இரண்டு எழுத்தைப் போட்டு ஆஃப்செட் இருக்கும். எத்தனை கிலோ தாங்கும் என்பது இருக்கும். எதுவுமே எழுதாமல் முதுகு மொழுமொழுவென்று இருந்தால் விலை பேசவே வேண்டாம். கடைக்குப் போவதற்கு முன்னால் உன் வண்டியில் இருக்கிற கம்பெனி வீலைக் கழற்றி, அதன் முதுகை போனில் படம் எடுத்துக்கொள். அதுதான் உன் அளவுகோல்.

3. ஓட்டைகளை எண்ணினால் போதாது, அள.

இன்னோவாவுக்கு ஐந்து ஸ்டட்டு. அவற்றின் நடுப்புள்ளிகள் வழியாக ஒரு வட்டம் போட்டால் விட்டம் 114.3 மில்லிமீட்டர், அதாவது நாலரை அங்குலம். இதைத்தான் பி.சி.டி. என்கிறோம். பின்னால் வந்த கிரிஸ்டாவுக்கும் அதே அளவுதான். ஃபார்ச்சூனருக்கு ஆறு ஸ்டட்டு, 139.7. அதன் வீலைப் பார்த்து ஏங்க வேண்டாம்.

நாலு ஓட்டை வீலில் எதிரெதிர் ஓட்டைகளின் மையத்தை அளந்தால் வேலை முடிந்தது. ஐந்து ஓட்டையில் எதிரே ஓட்டை கிடையாது. பக்கத்துப் பக்கத்து ஓட்டை இரண்டின் மையத்துக்கு நடுவே உள்ள தூரத்தை வெர்னியரால் அளந்து 1.7-ஆல் பெருக்கு. 67.2 வந்தால் அது 114.3. கிட்டத்தட்ட 65.8 வந்தால் அது 112, பல ஃபோக்ஸ்வாகன் கார்களின் அளவு. இரண்டுக்கும் ஒன்றரை மில்லிமீட்டர்கூட வித்தியாசம் இல்லை, பார்த்தாயா? கண்ணால் கண்டுபிடிக்க முடியாது. நட்டை இழுத்துப் பிடித்தால் ஏறிவிடும்கூட. ஏறிய வீல் கோணலாக உட்கார்ந்து ஸ்டட்டை வளைத்துக்கொண்டே இருக்கும். வளைந்து வளைந்து ஸ்டட்டு என்றைக்கு ஒடியும் என்று யாரும் சொல்ல முடியாது.

4. நடு ஓட்டை.

வண்டியை 80-இல் விட்டால் ஸ்டியரிங் நடுங்குகிறது என்று வருகிறவர்களில் பலர் ஏற்கெனவே வேறு கடைகளில் இரண்டு மூன்று தடவை பேலன்சிங் பார்த்தவர்களாக இருப்பார்கள். வீலைக் கழற்றினால் காரணம் பல்லை இளிக்கும். இன்னோவா ஹப்பின் நடுக் குமிழ் 60.1 மில்லிமீட்டர். வெளியே விற்கிற அலாய்களில் நடு ஓட்டை பெரும்பாலும் 73.1 இருக்கும். ஒரே அச்சில் வார்த்துப் பல கம்பெனி வண்டிகளுக்கும் விற்க வேண்டும் என்பதால் பெரிதாக வைக்கிறார்கள். அந்த 13 மில்லிமீட்டர் சும்மா கிடந்தால், வீலை நடுவில் நிறுத்துகிற வேலை முழுக்க நட்டுகளின் தலையில் விழும். மாட்டுகிற பையன் ஒரு பக்கம் முதலில் இறுக்கினால் வீல் அந்தப் பக்கம் அரை மில்லிமீட்டர் ஒதுங்கி உட்காரும். மெஷினில் சுத்தமாகப் பேலன்ஸ் காட்டிய அதே வீல் ரோட்டில் ஆடும்.

இதற்கு ஹப் ரிங் என்று ஒரு வளையம் இருக்கிறது. வெளியே 73.1, உள்ளே 60.1. நாலு வீலுக்கும் நாலு. வீலுக்குக் கொடுக்கிற காசோடு பார்த்தால் அது டீச்செலவு. பிளாஸ்டிக்கிலும் வரும், அலுமினியத்திலும் வரும். மலை இறங்கும்போது பிரேக் சூடு ஏறும் என்பதால் நான் அலுமினியத்தைத்தான் போடுவேன். மாட்டுவதற்கு முன் ஹப்பின் துருவைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்துவிடு.

5. நட்டைப் பற்றி நான் பட்ட பாடு.

தொழில் பழகி ரெண்டு மூணு வருஷம் ஆனபோது, எல்லாம் தெரியும் என்ற நினைப்பு வந்துவிட்டது. ஒரு டிரைவர், வேறொரு கம்பெனி காரில் இருந்து கழற்றிய அலாய் நாலைக் கொண்டுவந்தார். ஓட்டை ஐந்து. பி.சி.டி. சரி. நட்டின் புரியும் சரி. அவர் வண்டியில் இருந்த நட்டையே போட்டு, பெரிய ஸ்பேனரில் ஏறி நின்று மிதித்து இறுக்கி அனுப்பினேன். கொடைக்கானல் போய் இறங்கும்போது முன்பக்கம் டக்டக்கென்று சத்தம். அவர் அனுபவஸ்தர், பாட்டைக் குறைத்துக் காதைக் கொடுத்திருக்கிறார். வத்தலக்குண்டில் நிறுத்திப் பார்த்தால் மூன்று நட்டு விரலால் சுற்றுகிற அளவுக்கு லூஸ். வீலின் ஓட்டைகள் முட்டை வடிவத்துக்குத் தேய்ந்திருந்தன. அவர் என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. கடைக்கு வந்து அந்த வீலைக் கழற்றிக் காலடியில் போட்டுவிட்டு நின்றார். அது இன்னும் என் கடையின் பின்பக்கம் கிடக்கிறது.

நான் பார்க்காமல் விட்டது நட்டு உட்காருகிற இடத்தை. அது மூன்று வகை. கூம்பு மாதிரி சரிந்திருப்பது ஒன்று. பந்து மாதிரி உருண்டையாகக் குழிந்திருப்பது ஒன்று. தட்டையாக இருந்து வாஷர் வைத்த நட்டைக் கேட்பது ஒன்று. இரும்பு ரிம்முக்குக் கூம்பு. டொயோட்டாவின் கம்பெனி அலாய் பலவற்றுக்கு நீளக் கழுத்தும் தட்டை வாஷரும் கொண்ட நட்டு. ஹோண்டாவின் கம்பெனி வீல்களுக்கு உருண்டை. வெளி அலாய்களுக்குப் பெரும்பாலும் கூம்பு. டொயோட்டாவிலும் ஹோண்டாவிலும் ஸ்டட்டு பொதுவாக ஒரே அளவு, 12 மில்லிமீட்டர் தடிமன், 1.5 மில்லிமீட்டர் புரி. அதனால் ஒன்றின் நட்டு மற்றதில் வெண்ணெய் மாதிரி ஏறும். ஏறி, கோடு போன்ற ஒரு வளையத்தில் மட்டும் தொட்டுக்கொண்டு நிற்கும். சூட்டிலும் குலுக்கலிலும் அந்தக் கோடு தேய்ந்ததும் இறுக்கம் போய்விடும். எவ்வளவு மிதித்து இறுக்கியிருந்தாலும் அதே கதைதான்.

வீல் வாங்குகிற இடத்திலேயே அதற்கான நட்டையும் கேட்டு வாங்கு. மாட்டும்போது கையால் சுற்றி எண்ணு. உட்காருவதற்குள் எட்டுச் சுற்றாவது போக வேண்டும். ஐந்தில் நின்றுவிட்டால் வீலின் தடிமன் ஸ்டட்டைத் தின்றுவிட்டது என்று அர்த்தம், கழற்றிவிடு. ஸ்டட்டில் கிரீஸ் தடவாதே. தடவினால் டார்க் ரெஞ்ச் காட்டுகிற கணக்கு பொய்யாகிவிடும், ஸ்டட்டு தேவைக்கு மேல் இழுபடும்.

6. ஆஃப்செட்.

வீலின் அகலத்துக்கு நடுவே ஒரு கோடு போடு. ஹப்போடு ஒட்டுகிற முகம் அந்தக் கோட்டில் இருந்து எத்தனை மில்லிமீட்டர் வெளிப்பக்கம் தள்ளி இருக்கிறதோ அதுதான் ஆஃப்செட். ஜெர்மன்காரன் வைத்த பெயரின் சுருக்கம்தான் முதுகில் இருக்கும் ஈ.டி. அந்த எண் குறைந்தால் வீல் மட்கார்டைத் தாண்டி வெளியே வரும். கூடினால் உள்ளே போய் சஸ்பென்ஷன் ஆர்மை உரசப் பார்க்கும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். கழற்றுகிற வீல் 6 அங்குல அகலம், ஈ.டி. 45 என்று வை. மாட்டப் போவது 7 அங்குலம், ஈ.டி. 35. அகலம் கூடியதால் இரண்டு பக்கமும் 12.7 கூடும். ஆஃப்செட் குறைந்ததால் எல்லாமே 10 வெளியே நகரும். ஆக வெளிப்பக்கம் 22.7 மில்லிமீட்டர் துருத்தும், உள்பக்கம் 2.7 மட்டுமே கூடும். கிட்டத்தட்ட ஒரு அங்குலம் வெளியே. பார்க்கக் கம்பீரமாக இருக்கும், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் எட்டுப் பேர் ஏறி வண்டி தாழ்ந்ததும் மட்கார்டின் உதடு டயரைச் சீவும், வீல் பேரிங்குக்குச் சுமை கூடும், பள்ளம் வந்தால் ஸ்டியரிங் கையைப் பிடித்து இழுக்கும். எஃப்.சி. பார்க்கப் போகிற இடத்திலும் கேள்வி வரும். ஐந்து மில்லிமீட்டர் முன்னே பின்னே என்றால் நான் மாட்டித் தருவேன். அதற்கு மேல் என்றால் வேறு வீலைப் பார். ஸ்பேசர் தட்டு வைத்துச் சரிக்கட்டலாம் என்று யாராவது சொன்னால், முந்தைய அறிவுரையின் எட்டுச் சுற்றுக் கணக்கை நினைத்துக்கொள்.

7. பிரேக்குக்கு இடம் இருக்கிறதா என்று மாவு வைத்துப் பார்.

அளவெல்லாம் சரியாக இருந்தும், வீலின் ஆரம் காலிப்பரில் இடிக்கலாம். வீட்டில் சப்பாத்திக்குப் பிசைந்த மாவில் ஒரு உருண்டை வாங்கி வா. காலிப்பரின் மேட்டில் அப்பி, வீலை மாட்டி, கையால் ஒரு சுற்றுச் சுற்றிக் கழற்று. நசுங்கிய மாவு மூன்று மில்லிமீட்டருக்குக் குறையாமல் நின்றால் சரி. வீட்டில் திட்டு விழுந்தால் என்னைச் சொல்.

8. கிரிஸ்டா வீலுக்கு ஆசைப்படுகிறவர்களுக்கு.

சென்னைப் புதுப்பேட்டை மாதிரி இடங்களில் கிரிஸ்டாவின் 16 அங்குல வீல் டயரோடு கிடைக்கும். பி.சி.டி. ஒன்று, நடு ஓட்டை ஒன்று. பழைய இன்னோவாவில் அப்படியே ஏறிவிடும். சிக்கல் டயரில். பழைய இன்னோவாவின் 205/65 ஆர் 15 டயர் நிற்கிற உயரம் 647 மில்லிமீட்டர். கிரிஸ்டாவின் 205/65 ஆர் 16 நிற்பது 673. நூற்றுக்கு நாலு பெரிது. மீட்டர் 100 காட்டும்போது நீ 104-இல் போவாய். கொண்டை ஊசி வளைவில் ஸ்டியரிங்கை முழுக்க ஒடித்தால் உரசும். ரிம்மை வைத்துக்கொண்டு 205/60 ஆர் 16 டயர் போட்டால் உயரம் 652. இது சரி. ரிம் ஒரு அங்குலம் கூடினால் டயரின் பக்கச் சுவர் அதற்கேற்பக் குறைய வேண்டும். டொயோட்டாவே அப்படித்தான் செய்தது. கிரிஸ்டாவில் 205/65 ஆர் 16-ம் கொடுத்தது, விலை கூடிய வண்டிக்கு 215/55 ஆர் 17-ம் கொடுத்தது. இரண்டின் உயரத்துக்கும் ஐந்து மில்லிமீட்டர்தான் வித்தியாசம்.

டயரை மாற்றும்போது அளவை ஒட்டியிருக்கும் எண்ணையும் பார். 94 என்றால் ஒரு டயர் 670 கிலோ தாங்கும், 91 என்றால் 615. நாலு டயருக்கும் சேர்த்தால் 220 கிலோ குறைகிறது. மூன்று ஆள் எடை. விலை குறைவு என்று 91-ஐ வாங்கிப் போட்டுவிட்டு, மேலே கேரியரில் மூட்டை கட்டாதே.

9. வீலும் சுமை தாங்க வேண்டும்.

வண்டியின் புத்தகத்தில் பின் அச்சுக்கு எவ்வளவு சுமை என்று இருக்கும். அதில் பாதி, வீலின் முதுகில் எழுதிய கிலோவுக்குள் இருக்க வேண்டும். சின்னக் காருக்கு வார்த்த வீல்களும் இதே ஓட்டையோடு வரும். வெளிநாட்டு வீல் என்றால் ஜப்பானின் ஜே.டபிள்யூ.எல். முத்திரையும் வி.ஐ.ஏ. முத்திரையும் இருக்கிறதா என்று பார். உள்ளூர் வீல் என்றால் ஐ.எஸ்.ஐ.

10. பழைய வீல் வாங்கினால், டயர் இல்லாமல் வாங்கு.

டயர் போட்டிருந்தால் உள்விளிம்பு தெரியாது. விரிசலை ஒட்டவைத்துப் பவுடர் கோட்டிங் அடித்து விற்கிறவர்கள் உண்டு. பெயின்ட் புதுசாக மின்னுகிற பழைய வீலை நான் இரண்டு தடவை தடவிப் பார்ப்பேன். விளிம்பில் ஒட்டு இருந்தாலே எனக்குப் பயம். ஆரத்தில் ஒட்டு இருந்தால் எடைக்குப் போடு.

11. ஸ்டெப்னியை மறக்காதே.

நாலு வீலுக்கு அலாய் போட்டவன், ஐந்தாவது இரும்பு என்பதை நடுராத்திரி மழையில் பஞ்சர் ஆகும்போதுதான் நினைப்பான். அலாய்க்கு வாங்கிய நட்டு இரும்பு ரிம்மில் சரியாக உட்காராமல் போகலாம். ஸ்டெப்னிக்குப் பொருந்துகிற பழைய நட்டு ஐந்தைத் துணியில் சுற்றி ஜாக்கியோடு வை. ஸ்டெப்னி டயர் மற்றவற்றைவிட உயரம் குறைவு என்றால் பின்பக்கம் மாட்டாதே. பழைய இன்னோவா பின்சக்கரத்தால் ஓடுகிற வண்டி. இரண்டு பக்கமும் உயரம் வேறாக இருந்தால் டிஃபரன்ஷியல் நேர்ச்சாலையிலும் சும்மா இருக்காது. பின்வீல் பஞ்சர் என்றால் முன்வீல் ஒன்றைப் பின்னால் மாற்றி, ஸ்டெப்னியை முன்னால் போட்டு, மெதுவாகப் பஞ்சர் கடை வரை போ.

12. காலி வண்டியில் சோதித்துப் பார்த்தால் அது சோதனையே இல்லை.

நாலு நண்பர்களையும் அரிசி மூட்டை இரண்டையும் ஏற்று. ஸ்டியரிங்கை இந்தக் கோடி வரை ஒடி, அந்தக் கோடி வரை ஒடி. ரிவர்ஸிலும் ஒடி. வேகத்தடையில் ஏற்றி இறக்கு. இறங்கி டயரின் தோளிலும் மட்கார்டின் உள்ளேயும் கையை விட்டு, பளபளப்பாகத் தேய்ந்த இடம் இருக்கிறதா என்று தடவு.

நட்டுகளை நட்சத்திர வரிசையில், டார்க் ரெஞ்சில், வண்டிப் புத்தகம் சொல்கிற அளவுக்கு இறுக்கச் சொல். காற்றுத் துப்பாக்கியால் மட்டும் டர்ரென்று அடித்துவிட்டு முடிந்தது என்றால் விடாதே. நூறு கிலோமீட்டர் ஓடியதும் திரும்பக் கொண்டுவந்து ஒரு தடவை இறுக்கிக்கொள். அதற்கு நான் காசு வாங்குவதில்லை. வாங்குகிறவர் யாராவது இருந்தால், கொடுத்துவிட்டாவது இறுக்கிக்கொண்டு போ. மெயின் ரோட்டுக்கு அந்தப் பக்கம்தான் டீக்கடை. பையன் ரெஞ்சை எடுப்பதற்குள் குடித்துவிட்டு வந்துவிடலாம்.