விருந்துக்கு மாம்பழச் சல்சா

ஸ்பானிய மொழியில் சல்சா என்பது தொட்டுக்கொள்ளும் பதார்த்தங்களுக்கெல்லாம் பொதுப்பெயரேயாயினும், தக்காளியையும் மிளகாயையும் பொடியாக அரிந்து பச்சையாகவே கலந்து மெக்ஸிகோ தேசத்தார் உண்ணும் வகையில், தக்காளியின் ஸ்தானத்தில் மாம்பழத்தைச் சேர்த்தால் உண்டாகும் ருசி அலாதியானது.

எட்டுப் பேர் கூடும் விருந்துக்கு, அழுத்தினால் சற்றே நெகிழும் பக்குவத்திலுள்ள, நாரற்ற 2 பழங்கள் போதும். முற்றக் கனிந்த பழம் உண்பதற்கு எத்தனை இனியதாயினும், கலக்கும்போதே கூழாகிவிடுமாதலால், இக்காரியத்துக்கு ஆகாது. முன்சொன்ன பக்குவத்துப் பழங்களைச் சிறு சதுரங்களாக நறுக்கி, பாதிப் பெரிய வெங்காயம், விதை நீக்கிய ஒரு பச்சைமிளகாய், ஒரு பிடி கொத்துமல்லித் தழை ஆகியவற்றை இன்னும் பொடியாக அரிந்துகொள்ள வேண்டும். வெங்காயத்தை 10 நிமிஷம் குளிர்ந்த நீரில் ஊறவைத்து வடித்தால், அதன் நெடி விருந்தினரின் சம்பாஷணைக்கு இடையூறு செய்யாது.

உப்பின் விஷயத்தில் மட்டும் அவசரம் கூடாது. பழத்திலுள்ள நீரை வெளியே இழுக்கும் சுபாவம் அதற்கு உண்டாகையால், காலையில் உப்பிட்ட சல்சா மாலையில் நீரில் மிதக்கும்; ஆகவே நறுக்கியவற்றைத் தனித்தனியே மூடிக் குளிர்பெட்டியில் வைத்திருந்து, பரிமாறுவதற்கு 20 நிமிஷம் முன்பு ஓர் எலுமிச்சம்பழச் சாற்றையும் கால் தேக்கரண்டி உப்பையும் சேர்த்து, மரக்கரண்டியால் மெல்லப் புரட்டுவதே விவேகம். சிலர் சர்க்கரையும் தூவுகிறார்கள். எனக்கு அது சம்மதமில்லை. பொரித்த மக்காச்சோளச் சில்லுகளோடும் வறுத்த மீனோடும் இது நன்கு பொருந்தும். ஆனால் 2 மணி நேரத்துக்கு மேல் வெளியே வைத்திருத்தல் உசிதமன்று.