காப்பியம் தந்த தெய்வம்

திருவனந்தபுரத்தில் கிழக்கேகோட்டையிலிருந்து கிள்ளிப்பாலம் வரை நீண்டு செல்வது சாலைக் கடைத்தெரு. திருவிதாங்கூர் திவான் ராஜா கேசவதாசர் காலத்தில், 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் இவ்வங்காடி உருவாயிற்று. தமிழ் வணிகர் பலர் இங்குத் தலைமுறை தலைமுறையாக வாழ்கின்றனர். மாசி மாதத்துப் பூர நாளில் இப்பகுதியின் தெருவோரங்களில் செங்கல் அடுப்புகள் வரிசையாக அமைகின்றன. பெண்கள் புதிய மண்பானைகளில் அரிசி, வெல்லம், தேங்காய் இட்டுப் பொங்கலிடுகின்றனர். இதுவே ஆற்றுக்கால் பொங்காலை. 2009ஆம் ஆண்டில் 25 இலட்சம் பெண்கள் இதில் கலந்துகொண்டமை கின்னஸ் சாதனையாகப் பதிவு பெற்றது.

இத்தனை பெண்கள் வழிபடும் ஆற்றுக்கால் பகவதி யார்? அவள் கண்ணகியே என்பது மக்களின் நம்பிக்கை. இளங்கோவடிகள் இயற்றிய சிலப்பதிகாரத்தின் தலைவி, கோயிலில் தெய்வமாக வீற்றிருக்கிறாள்.

கண்ணகி காப்பியத்தின் தொடக்கத்தில் தெய்வம் அல்லள்; புகார் நகரத்து வணிகர் குடும்பத்துப் பெண். பொருள் இழந்த கணவன் கோவலனுடன் பிழைப்புத் தேடி மதுரைக்குச் சென்றாள். அங்கு அவளது காற்சிலம்பை விற்கச் சென்ற கோவலன், அரசியின் சிலம்பைத் திருடியவன் எனக் குற்றம் சாட்டப்பட்டான். பாண்டியன் நெடுஞ்செழியன் தீர ஆராயாமல் அவனைக் கொல்ல ஆணையிட்டான். அயலூரில் தனித்து நின்ற கண்ணகி அரசவைக்குச் சென்று நீதி கேட்டாள். அரசியின் சிலம்பில் முத்துகள் இருந்தன. கண்ணகி உடைத்த சிலம்பிலிருந்தோ மாணிக்கம் தெறித்தது. தன் பிழையை உணர்ந்த மன்னன் அப்பொழுதே உயிர் நீத்தான். கண்ணகியின் சினத்தால் மதுரை தீப்பற்றியது. ஆயினும், முதியோரையும் குழந்தைகளையும் விட்டுவிடுமாறு அவள் தீக்கடவுளுக்குக் கட்டளையிட்டாள்.

பின்னர்க் கண்ணகி சேரநாட்டு மலையை அடைந்தாள். அவள் வேங்கை மரத்தின் நிழலில் நின்று விண்ணுலகம் சென்றதைக் கண்ட குறவர்கள், அவளைத் தம் தெய்வமாகக் கொண்டு குரவை ஆடினர். செய்தி அறிந்த சேரன் செங்குட்டுவன் இமயத்திலிருந்து கல் கொணர்ந்து, கங்கையில் நீராட்டி, கோயில் எடுத்தான் என வஞ்சிக் காண்டம் கூறுகிறது. போரில் வீழ்ந்த வீரருக்கு நடுகல் நட்டு வழிபடுவது பழந்தமிழர் மரபு. அம்மரபின்படியே, நீதிக்காகப் போராடிய பெண்ணுக்கும் கல் நடப்பட்டது. கண்ணகியை முதலில் தெய்வமாகக் கண்டவர்கள் மலைவாழ் மக்கள். அரசன் அவர்களுக்குப் பின்னரே வந்தான்.

ஆற்றுக்கால் கோயிலுக்கும் ஒரு கதை உண்டு. கிள்ளியாற்றங்கரையில் முல்லுவீட்டுக் குடும்பத்து முதியவர் ஒருவரிடம், தன்னை அக்கரை சேர்க்குமாறு ஒரு சிறுமி வேண்டினாள். அவர் அவளை வீட்டிற்கு அழைத்துச் சென்று உபசரிக்க முயன்றபோது அவள் மறைந்துபோனாள். அன்றிரவு கனவில் தோன்றி, அருகிலுள்ள காவில் மூன்று கோடுகள் காணும் இடத்தில் தனக்குக் கோயில் அமைக்கச் சொன்னாள். மதுரையை விட்டுக் கொடுங்கல்லூர் செல்லும் வழியில் கண்ணகி இங்குத் தங்கினாள் எனவும் மக்கள் கூறுவர்.

திருவிழா பத்து நாள் நடைபெறும். முதல் நாளில் காப்புக் கட்டப்படும். அன்று முதல் கண்ணகியின் கதையைத் தோற்றம்பாட்டாகப் பாடுவர். ஒன்பதாம் நாள், பாண்டியனின் முடிவைப் பாடும் கட்டம் வந்ததும் கோயிலின் பண்டார அடுப்பில் தீ மூட்டப்படும். அதன்பின் நகரத்து அடுப்புகள் யாவும் எரியத் தொடங்கும். காப்பியத்தில் மன்னன் தானே உயிர் துறக்கிறான். தோற்றம்பாட்டிலோ தேவியே அவனை வதம் செய்கிறாள். புலவர் அரசனுக்கு நாணத்தைத் தந்தார். மக்கள் தண்டனையைத் தந்தனர். எனினும், அநீதி நிலைக்கலாகாது என்பதே இரண்டின் கருத்தும் ஆகும்.

இலங்கையிலும் கண்ணகி வழிபாடு சிறந்து விளங்குகிறது. மட்டக்களப்புத் தமிழர் வைகாசியில் ‘குளிர்த்தி’ச் சடங்கு நிகழ்த்தி அம்மனின் சினத்தைத் தணிப்பர். சிங்கள மக்கள் அவளைப் பத்தினித் தெய்வம் எனப் போற்றுவர்.

புகாரில் பிறந்தாள், மதுரையில் வழக்குரைத்தாள், சேரநாட்டில் தெய்வமானாள். பிறந்த ஊரை விட்டு வந்த கண்ணகியை இம்மண் அயலவளாகக் கருதவில்லை, தாயாக ஏற்றது. பொங்காலை நாளில் அருகருகே அமரும் தமிழ்ப் பெண்ணும் மலையாளப் பெண்ணும் ஒரே தெய்வத்தை வேண்டி, ஒரே தீயை ஏற்றுகின்றனர்.

சொற்பொருள்

அங்காடி – கடைத்தெரு
குரவை – கைகோத்து ஆடும் கூத்து
நடுகல் – இறந்த வீரர் நினைவாக நடும் கல்
கா – சோலை
வதம் – கொல்லுதல்

பயிற்சி

1. கோவலன் குற்றமற்றவன் என்பதைக் கண்ணகி எவ்வாறு மெய்ப்பித்தாள்?
2. கண்ணகியை முதலில் தெய்வமாகக் கண்டவர் யாவர்?
3. பாண்டியனின் முடிவு காப்பியத்திலும் தோற்றம்பாட்டிலும் எவ்வாறு வேறுபடுகிறது? மக்கள் அதை மாற்றிப் பாடியது ஏன் என நீ கருதுகிறாய்?
4. உன் வீட்டுப் பெரியோரிடம் சொந்த ஊர்த் தெய்வத்தின் கதையைக் கேட்டுப் பத்து வரிகளில் எழுதுக.