சாவி யார் கையில்?

பள்ளி ஆண்டிதழுக்காகப் படங்களைத் திருத்திக்கொண்டிருந்த நான்காம் படிவ மாணவர் ஒருவரின் மடிக்கணினியில், "சோதனைக் காலம் முடிந்தது, செயலாக்கக் குறியீட்டை உள்ளிடுக" என்ற அறிவிப்பு தோன்றுகிறது. இதழ் அச்சுக்குப் போக இன்னும் இரண்டே நாள்தான். மென்பொருளின் விலையோ அவருடைய பல மாதக் கைச்செலவுப் பணம். இணையத்தில் தேடினால், 'இலவசக் குறியீடு' தருவதாகச் சொல்லும் தளங்கள் வரிசையாக வந்து நிற்கின்றன.

மென்பொருளை வாங்குகிறோம் என்று பேச்சுவழக்கில் சொன்னாலும், பெரும்பாலும் நாம் வாங்குவது அதைப் பயன்படுத்தும் உரிமத்தைத்தான். எத்தனை கணினிகளில் நிறுவலாம், எவ்வளவு காலம் பயன்படுத்தலாம், பிறருக்குக் கொடுக்கலாமா என்பதையெல்லாம் அந்த உரிமம் கூறும். அதைப் பெற்றவர் என்பதற்கான அடையாளமே செயலாக்கக் குறியீடு.

தொடக்கத்தில் இக்குறியீட்டை மென்பொருள் தானே சரிபார்த்துக்கொண்டது. கடைகளில் விற்கப்பட்ட விண்டோஸ் 95 இதற்கு நல்ல சான்று. அதன் குறியீட்டின் இறுதி ஏழு இலக்கங்களின் கூட்டுத்தொகை 7ஆல் மீதியின்றி வகுபட வேண்டும், ஏறக்குறைய அவ்வளவுதான். தொடக்கப்பள்ளிக் கணிதம் தெரிந்தவர்கூட அந்தப் பூட்டைத் திறந்துவிடலாம்! 2001இல் விண்டோஸ் எக்ஸ்பி வந்தபோது நிலைமை மாறியது. எழுத்தும் எண்ணுமாக 25 இடங்கள் கொண்ட குறியீட்டை உள்ளிட்டதும், கணினியின் வன்பொருளைக் கொண்டு ஓர் அடையாள எண் உருவாக்கப்பட்டது. இவ்விவரங்கள் இணையம் அல்லது தொலைபேசி வழி நிறுவனத்திற்குச் சென்றன. ஒரே குறியீடு பல கணினிகளிலிருந்து வந்தால் நிறுவனம் ஏற்க மறுத்தது.

அந்த வழி அடைபடவே, சரிபார்க்கும் பகுதியையே மாற்றியமைக்கும் 'கிராக்' நிரல்களைப் பலர் நாடினர். ஆபத்து இங்குதான் இருக்கிறது. இவற்றைத் தரும் தளங்கள் பெரும்பாலும் ஒரு நிபந்தனை விதிக்கும்: முதலில் நச்சுநிரல் தடுப்பானை நிறுத்துங்கள், பிறகு நிர்வாகி அனுமதியுடன் இதை இயக்குங்கள். வாசலில் நிற்கும் காவலாளியை அனுப்பிவிட்டு, முன்பின் அறியாதவரிடம் வீட்டுச் சாவிக்கொத்தைக் கொடுப்பது போன்றது இது. 'ஸ்டாப்' எனப்படும் நச்சுநிரல் இத்தகைய கோப்புகளில் ஒளிந்து பரவியது. அது படங்களையும் ஆவணங்களையும் திறக்க முடியாதபடி மறைக்குறியாக்கம் செய்துவிட்டு, மீட்டுத்தரப் பணம் கேட்கும். வேறு சில நிரல்கள் உலாவியில் சேமித்த கடவுச்சொற்களை ஓசையின்றித் திருடி அனுப்பிவிடும். விரும்பிய மென்பொருளும் நன்றாகவே வேலை செய்வதால், உரியவருக்குச் சந்தேகமே எழாது.

மலேசியாவின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரலையும் கதை, கவிதை போல ஓர் இலக்கியப் படைப்பாகவே பாதுகாக்கிறது. திருட்டுப் பிரதிகளைத் தயாரித்து விற்பவருக்குச் சிறைத்தண்டனையோ, ஒவ்வொரு பிரதிக்கும் 2,000 ரிங்கிட்டுக்குக் குறையாத அபராதமோ விதிக்கப்படலாம்.

விலை அதிகம் என்ற மாணவரின் மனக்குறை நியாயமானதே. ஆனால், ஆவணங்களும் படவில்லைகளும் தயாரிக்கக் கல்வி அமைச்சின் டெலிமா கணக்கே அவருக்குக் கைகொடுக்கும். படங்களைத் திருத்தக் 'கிம்ப்' என்னும் மென்பொருள் கட்டணமின்றிக் கிடைக்கிறது. அதன் கருவிகள் பழக ஒரு மாலைப்பொழுது தேவைப்படலாம். இரண்டு நாள் கையிலிருக்கும்போது அது பெரிதன்று. அதற்கும் உரிமம் உண்டு. யாரும் பயன்படுத்தலாம், அதே உரிமத்தோடு படியெடுத்து நண்பருக்கும் கொடுக்கலாம் என்று அந்த உரிமமே எழுத்தில் அனுமதி தருகிறது.