இந்தப் பச்சைத் தும்பிகள் எங்கே போகின்றன?

கேள்வி: ஸ்காபரோவில் ஒன்ராறியோ ஏரிக்குக் கிட்ட இருக்கிறோம். ஒவ்வொரு வருஷமும் ஆகஸ்ட் கடைசியிலும் செப்டம்பரிலும் பின்னேரம் எங்கள் பின்வளவில் பெரிய பச்சைத் தும்பிகள் கூட்டமாகச் சுற்றும். ஊரில் நாங்கள் பிடித்து நூல் கட்டி விளையாடிய தும்பியைவிட நல்ல பெரிசு. பிறகு ஒருநாள் பார்த்தால் ஒன்றையும் காணோம். என்னுடைய ஏழு வயது மகள், குத்திவிடும் என்று வெளியே வரவே பயப்படுகிறாள். இவை குத்துமா? திடீரென்று எங்கே போகின்றன? பின்வளவில் சின்னதாக ஒரு குளம் வெட்டினால் இவை வந்து நுளம்பைக் குறைக்குமா?
– வாசகி ஒருவர், ஸ்காபரோ

பதில்: முதலில் மகளுக்குச் சொல்லவேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். தும்பிக்குக் கொடுக்கு கிடையாது. குளவியைப் போல அதனால் குத்த முடியாது. பெண் தும்பியின் வால் நுனியில் ஊசி மாதிரி ஒன்று தெரியும். நீர்த்தாவரங்களின் தண்டைக் கீறி உள்ளே முட்டையைச் செருகுவதற்கான உறுப்பு அது. கையில் இறுக்கிப் பிடித்தால் தாடையால் கடிக்கப் பார்க்கும், சுருக்கென்று இருக்கும், அவ்வளவுதான். விஷமில்லை. பிடிக்காமல் விட்டால் மனிதரை அது பொருட்படுத்துவதே இல்லை.

நீங்கள் சொல்லும் இடம், பருவம், நிறம், அளவு எல்லாம் அனாக்ஸ் ஜூனியஸ் என்ற இனத்துக்குப் பொருந்துகின்றன. ஆங்கிலத்தில் கொமன் கிரீன் டார்னர் என்பார்கள். உடல் மட்டும் 7 முதல் 8 சென்ரிமீற்றர் நீளம். நெஞ்சு புல்லின் பச்சை. ஆணின் வயிற்றுப்பகுதி நீலம், பெண்ணுக்குப் பெரும்பாலும் செம்பழுப்பு. குளிர்ந்த காலையில் ஆணின் நீலம் மங்கி ஊதாவாகிவிடும். வெயில் ஏறினால் பழைய நிறம் வந்துவிடும். சந்தேகமிருந்தால், செடியில் தொங்கி இளைப்பாறும் ஒன்றை மெல்ல நெருங்கி, கண்களுக்கு முன்னால் நெற்றியின் மேற்புறத்தைப் பாருங்கள். நடுவில் ஒரு கரும்பொட்டும் அதைச் சூழ நீலமும் இருந்தால் இந்த இனம்தான். மகளையும் கூட்டிக்கொண்டு போய்ப் பாருங்கள். ஒரு முறை அந்தப் பொட்டைப் பார்த்துவிட்டாளென்றால் பயம் பாதி போய்விடும்.

பின்னேரத்தில் அவை சுற்றுவது இரை தேடித்தான். அந்த நேரத்தில் கொசுகு, ஈ, சிறகு முளைத்த எறும்பு என்று சிறு பூச்சிகள் கூட்டமாக மேலெழும். முள் மயிர் அடர்ந்த ஆறு கால்களையும் முன்னே கூடை போலக் குவித்து, பறக்கும் இரையைப் பறந்தபடியே அள்ளி, பறந்தபடியே தின்று முடிக்கும். ஒவ்வொரு கண்ணிலும் ஏறக்குறைய 30,000 சிறு கண்கள். நான்கு சிறகுகளையும் தனித்தனியே அசைக்கும் வல்லமை. இரையின் பின்னால் இது துரத்திக்கொண்டு ஓடாது. இரை அடுத்த கணம் எங்கே இருக்குமோ அந்த இடத்துக்கே நேராகப் போய்ச் சேரும். ஆய்வுக்கூடங்களில் வேறு தும்பி இனங்களை வைத்துச் சோதித்தபோது, குறிவைத்த இரையில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் அவை பிடித்தன. வண்ணத்துப்பூச்சி, தேனீ, மற்றத் தும்பிகள் எதையும் பச்சைத் தும்பி விடாது. ரீங்காரச் சிட்டு ஒன்றைப் பிடித்துக் கொன்றதாகக்கூட அமெரிக்காவில் பதிவு இருக்கிறது.

இனி, எங்கே போகின்றன என்ற கேள்வி. எனக்கு இந்தப் பூச்சியில் எல்லாவற்றையும்விடப் பெரிய வியப்பு இதுதான், ஆகவே கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன்.

இவை தெற்கே போகின்றன. அமெரிக்காவின் தென் மாநிலங்கள், மெக்சிக்கோ, கரீபியன் தீவுகள் வரைக்கும். பெரிய நீர்ப்பரப்பைக் கடக்கத் தயங்கி ஏரிக்கரையோரமாகவே பறப்பதால் உங்கள் பக்கத்தில் இப்படிக் குவிகின்றன. ஈரி ஏரிக்குள் நீண்டுகிடக்கும் பொயின்ற் பீலி முனையில் இந்தத் திரளைப் பார்ப்பதற்கென்றே ஆட்கள் போவதுண்டு. 2019 செப்டம்பர் 10ஆம் திகதி ஒகாயோ, இந்தியானா, பென்சில்வேனியா மாநிலங்களின் மேலே, மழையில்லாத நாளில், வானிலை ராடாரில் மேகம் போல ஒரு திரள் தெரிந்தது. அதில் பெரும்பகுதி பச்சைத் தும்பிகள் என்று பூச்சியியலாளர்கள் சொன்னார்கள். சிறிய வல்லூறுகளும் இதே பருவத்தில் தெற்கே போகும். தும்பி கூடிய நாளில் அவையும் கூடும், வழிச்சாப்பாடு கூடவே பறக்கிறதல்லவா.

புறப்படும் நாளை எப்படித் தீர்மானிக்கின்றன? மார்ட்டின் விக்கெல்ஸ்கியும் கூட்டாளிகளும் 2006இல் வெளியிட்ட ஆய்வில் இதற்கு விடை கிடைத்தது. 14 பச்சைத் தும்பிகளின் நெஞ்சில் 300 மில்லிகிராம் எடையுள்ள ரேடியோ அனுப்பியை ஒட்டினார்கள். ஒட்டியது எதனால் தெரியுமா? செயற்கைக் கண்ணிமை ஒட்டும் பசையும் சூப்பர் குளூவும். தும்பியின் சொந்த எடையே ஒரு கிராமுக்குக் கொஞ்சம் மேல்தான், அந்தச் சுமையோடும் அவை பறந்தன. சிறிய விமானத்திலும் தரையிலுமாகப் பின்தொடர்ந்து, 12 நாள் வரை கவனித்தார்கள். ஏறக்குறைய மூன்று நாளைக்கு ஒரு முறை பயணம், இடைப்பட்ட நாட்களில் இரையும் ஓய்வும். சராசரியாக ஆறு நாளில் 58 கிலோமீற்றர் முன்னேற்றம். பகலில்தான் பறந்தன, அதுவும் அடுத்தடுத்து இரண்டு இரவுகள் முந்தியதைவிடக் கூடுதலாகக் குளிர்ந்த பிறகுதான், காற்று மணிக்கு 25 கிலோமீற்றரைத் தாண்டாத நாளில்தான். வலசை போகும் சிறு பறவைகளும் ஏறக்குறைய இதே விதியைத்தான் பின்பற்றுகின்றன. உங்கள் வளவு ஒரே நாளில் வெறுமையாவதற்குக் காரணம் இதுவே. அடுத்த செப்டம்பரில் வானிலை அறிவிப்பில் இரவு வெப்பநிலையைக் கவனித்து வந்தால், புறப்படும் நாளை நீங்களே ஓரளவு ஊகிக்கலாம்.

போன தும்பி திரும்பி வருவதில்லை. 2018இல் வெளியான இன்னோர் ஆய்வு இதைத் தெளிவாக்கியது. தும்பியின் சிறகு, அது குடம்பியாக வளர்ந்த நீரிலிருந்தே உருவாகிறது. அந்த நீரின் ஐதரசனில் பாரமானதும் இலேசானதுமான வகைகள் கலந்திருக்கும் விகிதம் வடக்குக்கும் தெற்குக்கும் மாறும். ஆகவே சிறகில் சிறு துண்டைச் சோதித்தால் அது ஏறக்குறைய எந்தப் பகுதியில் பிறந்தது என்று சொல்லிவிடலாம். அருங்காட்சியகங்களில் 140 ஆண்டுகளாகச் சேர்ந்தவை உட்பட 800க்கு மேற்பட்ட தும்பிகளை இப்படிச் சோதித்தார்கள். ஆண்டுச் சுற்று முடிய மூன்று தலைமுறை வேண்டியிருக்கிறது. தெற்கில் பிறந்தது வசந்தத்தில் வடக்கே வந்து, முட்டையிட்டு, இறக்கிறது. அதன் பிள்ளை இலையுதிர்காலத்தில் தெற்கே போய், முட்டையிட்டு, இறக்கிறது. அங்கே பிறக்கும் மூன்றாம் தலைமுறை எங்கும் போகாமல் குளிர்காலத்தைக் கழிக்கிறது. அதன் பிள்ளைகள்தான் மறுபடி வடக்கே கிளம்புகின்றன. செப்டம்பரில் உங்கள் வளவில் பறப்பவற்றில் ஒன்றுகூட அந்த வழியை முன்பு பார்த்ததில்லை, சொல்லிக்கொடுக்கவும் ஆளில்லை. சராசரி வெப்பநிலை 9 பாகை செல்சியஸை ஒட்டி மாறுவதே புறப்பாட்டுக்கு அடையாளமாக அமைகிறது என்று அந்த ஆய்வு கண்டது. காலநிலை சூடேறும்போது இந்தக் கணக்குக் குழம்புமே என்ற கவலையும் அதனால்தான்.

ஊரில் நீங்கள் நூல் கட்டிய தும்பிகளிலும் பயணிகள் உண்டு. பந்தாலா பிளேவசென்ஸ் என்ற மஞ்சள் தும்பி, பருவக்காற்றோடு இந்தியாவிலிருந்து மாலைதீவு வழியாகக் கிழக்கு ஆபிரிக்காவுக்குக் கடல் கடந்து போகிறது என்று ஆய்வாளர் சார்ள்ஸ் அன்டர்சன் 2009இல் எழுதினார். அது பச்சைத் தும்பியைவிட மிகச் சிறியது.

குளத்துக்கு வருவோம். வெட்டுங்கள், ஆனால் நுளம்பு ஒழியும் என்று எதிர்பார்க்க வேண்டாம். தும்பியின் குடம்பி நல்ல வேட்டைக்காரன்தான்: தலைக்குக் கீழே மடித்து வைத்திருக்கும் கீழுதட்டைக் கண்ணிமைக்கும் நேரத்தில் நீட்டி, நுனியிலுள்ள கொக்கியால் நுளம்புக் குடம்பி, வாற்பேத்தை, சிறு மீன்வரைக்கும் பிடிக்கும். ஆபத்து வந்தால் குதத்தின் வழியே நீரைப் பீச்சி அந்த வேகத்தில் பாய்ந்து தப்பும். ஆனால் வீட்டு நுளம்பு பெருகுவது பழைய வாளியிலும் கூரைப் பீலியிலும் பூச்சட்டித் தட்டிலும். அங்கே தும்பி முட்டையிடாது. அவற்றைக் கவிழ்த்து விடுவதே உங்களுக்குப் பெரிய பலன் தரும்.

தும்பிக்காகவே குளம் வேண்டுமென்றால், வெயில் படும் இடத்தில் வெட்டுங்கள். மகள் சின்னப்பிள்ளை, ஆகவே வேலியோ இரும்பு வலையோ கட்டாயம். நீருக்கு மேலே நிமிர்ந்து நிற்கும் சம்பு போன்ற செடிகள் வேண்டும். குடம்பி இரவில் அந்தத் தண்டில் ஏறித்தான் முதுகுத்தோல் பிளந்து தும்பியாக வெளிவரும். காலையில் போனால் வெறுங்கூடு தண்டைப் பற்றியபடி இருக்கும், முதுகுப் பிளவில் வெள்ளை நூல்கள் தொங்கும். அவை அதன் மூச்சுக்குழாய்களின் உள்தோல். பூச்சிமருந்து அடிக்காதீர்கள். ஒன்ராறியோவில் சில குடம்பிகள் பனிக்கு அடியிலேயே குளிர்காலத்தைக் கழித்து அடுத்த கோடையில்தான் தும்பியாகும். அதனால் இலையுதிர்காலத்தில் குளத்தை அள்ளிச் சுத்தம் செய்ய வேண்டாம். அழகுக்காகத் தங்கமீன் மட்டும் விட்டுவிடாதீர்கள், முட்டையிலிருந்து வரும் குடம்பிகளை அது தின்று தீர்த்துவிடும்.