பாட் டோக்கன் பத்திரம்!

டெலிகிராமில் புது பாட் உருவாக்கினால், அதற்கான டெலிகிராமின் சொந்த பாட்டான பாட்ஃபாதர் ஒரு டோக்கன் தரும்: முன்னால் சில எண்கள், ஒரு முக்காற்புள்ளி, பின்னால் எழுத்தும் எண்ணும் கலந்த நீளமான சரம். இதற்கு ஓடிபி கிடையாது. சரம் யார் கையில் கிடைத்தாலும் அவர் அந்த பாட் பெயரில் பேசலாம்.

பலர் கோட்டை விடுவது கிட்ஹப்பில்தான். டோக்கனை நிரலுக்குள்ளேயே எழுதி, அப்படியே பொதுவில் ஏற்றிவிடுகிறார்கள். பதறிப்போய் அந்த வரியை அழித்தாலும் பழைய பதிப்புகளில் அது கிடக்கும். ஆகவே, கசிந்தது தெரிந்ததும் பாட்ஃபாதரிடம் 'ரிவோக்' கட்டளை கொடுத்து டோக்கனை மாற்றுவதுதான் முதல் வேலை. பழையது செல்லாமல் போகும். டிஸ்கார்டில் இதற்கு டெவலப்பர் போர்ட்டலில் 'ரீசெட் டோக்கன்' பொத்தான் உண்டு. புது டோக்கனைத் தனிக் கோப்பில் வைத்து, அந்தக் கோப்பின் பெயரை 'கிட்இக்னோர்' பட்டியலில் சேர்த்துவிட வேண்டும்.

டோக்கன் மட்டுமல்ல, அனுமதியிலும் கவனம் வேண்டும்: டிஸ்கார்டில் பாட்டுக்கு 'அட்மினிஸ்ட்ரேட்டர்' அனுமதி பெரும்பாலும் தேவையே இல்லை. சோம்பலில் கொடுப்பதுதான் அதிகம்.

இன்னொன்று: நிர்வாகக் கட்டளை அனுப்புவது யார் என்று பார்க்க டெலிகிராம் பயனர் பெயரை நம்பக்கூடாது. ஒருவர் கைவிட்ட பெயரை இன்னொருவர் எடுத்துக்கொள்ள முடியும். கணக்குக்குரிய பயனர் எண் மாறாது. பாட் ஒப்பிட வேண்டியது அதைத்தான்.