பிட் வாலில் ஓர் இருக்கை: ரேஸ் ஸ்ட்ராட்டஜிஸ்ட் ஆக நினைப்பவர்கள் செய்ய வேண்டியவை, செய்யக்கூடாதவை

ஃபார்முலா 1 பந்தயத்தில் நாலு டயரையும் மாற்ற இரண்டு, இரண்டரை வினாடி போதும். 2023-ல் கத்தாரில் மெக்லாரன் அணி 1.80 வினாடியில் மாற்றி முடித்தது. ஆனால் வேகத்தைக் குறைத்து பிட் பாதைக்குள் போய், நின்று, மறுபடி ஓடுபாதைக்கு வருவதற்குள் பல இடங்களில் ஏறக்குறைய 20 வினாடி போய்விடும். அந்த 20 வினாடியை எந்த லேப்பில் (சுற்றில்) செலவழிப்பது, பதிலுக்கு எந்த டயரைப் போடுவது என்று, பிட் பாதை ஓரச் சுவரான பிட் வாலில் உட்கார்ந்து சொல்பவர்தான் ஸ்ட்ராட்டஜிஸ்ட். காரோட்டியாகப் பந்தயத்துக்குள் நுழையக் கையில் நிறையப் பணம் வேண்டும். இந்த வாசலில் கேட்பது கணக்கும் நிதானமும்தான். ஆசை இருக்கும் பிள்ளைகள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்பதற்காகவே எழுதுகிறேன்.

செய்ய வேண்டியவை

1. கணக்கில் அஸ்திவாரம் போடுங்கள்.
ரெட்புல் அணியின் ஹன்னா ஷ்மிட்ஸ் கேம்பிரிட்ஜில் மெக்கானிக்கல் இன்ஜினியரிங் படித்தவர். 2009-ல் பயிற்சி மாணவியாக அணிக்குள் வந்தார். பெர்னி காலின்ஸ் பெல்ஃபாஸ்ட் குயின்ஸ் பல்கலைக்கழகத்தில் இன்ஜினியரிங் முடித்து மெக்லாரனில் தொடங்கினார். நீங்கள் கணிதமோ புள்ளியியலோ கம்ப்யூட்டர் சயின்ஸோ படித்தாலும் சரிதான். நிகழ்தகவு நன்றாகப் புரிய வேண்டும்; சின்ன சிமுலேஷன் ஒன்றைச் சொந்தமாக எழுதத் தெரிய வேண்டும். ஒரு பந்தயத்தின் சிவப்பு விளக்குகள் அணையும் முன்பே அணிகள் அந்தப் பந்தயத்தைக் கம்ப்யூட்டரில் ஆயிரக்கணக்கான முறை ஓட்டிப் பார்த்துவிடுகின்றன.

2. கல்லூரியிலேயே ஒரு ரேஸ் டீமில் சேருங்கள்.
கோவை கரி மோட்டார் ஸ்பீட்வேயில் நடக்கும் ஃபார்முலா பாரத் போட்டிக்கு மாணவர்கள் தாங்களே செய்த காரோடு வருகிறார்கள். அதில் ஸ்பேனர் பிடித்துப் பாருங்கள். கடைசி நொடியில் திட்டத்தை மாற்றினால் மெக்கானிக்குகள் என்ன பாடு படுவார்கள் என்பது அப்போதுதான் உறைக்கும்.

3. டிவி பார்க்கும்போதே கணக்குப் போடுங்கள்.
முன்னால் போகிறவர் 2 வினாடி தள்ளி இருக்கிறார். உங்கள் காரை முதலில் உள்ளே கூப்பிடுகிறீர்கள். புது டயரில் அது லேப்புக்கு ஒன்றரை வினாடி வேகமாக ஓடுகிறது. எதிராளி இரண்டு லேப் கழித்து டயர் மாற்றிவிட்டு வெளியே வரும்போது, உங்கள் கார் ஒரு வினாடி முன்னால் போயிருக்கும். இதுதான் அண்டர்கட். ஆனால் நீங்கள் வெளியே வந்த இடத்தில் மெதுவான கார் ஒன்று வழிமறித்தால் சம்பாதித்த மூன்று வினாடியும் அங்கேயே போயிற்று. புது டயர் சூடேற நேரமானால் கணக்கே தலைகீழாகும். பழைய டயரில் வெளியே இருந்தவரே முந்துவார்; அதற்கு ஓவர்கட் என்று பெயர்.

4. திட்டத்துக்கு மாறாகக் கண்ணில் ஏதாவது பட்டால், அதைக் கேளுங்கள்.
2022 ஹங்கேரியில் வெர்ஸ்டாப்பன் 10-ஆவது இடத்திலிருந்து புறப்பட வேண்டும். ஹார்ட் (கடின ரக) டயரில் தொடங்குவது அவருடைய ரெட்புல் அணியின் திட்டம். கார்கள் வரிசைக்கு வந்து நிற்கும் முன் ஓடிய லேப்புகளிலேயே, அந்தக் குளிரில் ஹார்ட் சரிப்படாது என்று தெரிந்துவிட்டது. சாஃப்டுக்கு (மென்ரக டயருக்கு) மாறினார்கள். ஃபெராரியோ, ஆல்பைன் கார்கள் ஹார்ட் டயரில் திணறியதைப் பார்த்த பிறகும், லெக்லேருக்கு அதையே போட்டது. முதலில் ஓடிக்கொண்டிருந்தவர் 6-ஆவதாக முடித்தார். நடுவில் ஒருமுறை கார் சுழன்றும் வெர்ஸ்டாப்பன் ஜெயித்தார்.

5. சுருக்கமாகச் சொல்லப் பழகுங்கள்.
1998-ல் அதே ஹங்கேரியில், ஷூமாக்கர் இரண்டு மெக்லாரன்களுக்குப் பின்னால் மாட்டிக்கொண்டிருந்தார். அவருடைய ஃபெராரி அணியின் ராஸ் பிரான் மூன்று முறை நிறுத்தும் திட்டத்துக்கு மாறினார். ஷூமாக்கருக்குச் சொன்னது ஒரே கணக்கு: 19 லேப்பில் 25 வினாடி எடுக்க வேண்டும். எடுத்தார், ஜெயித்தார். ஆயிரம் கணக்குக்குப் பிறகு காரோட்டியின் காதுக்குப் போக வேண்டியது இப்படி ஒரு வரிதான்.

செய்யக்கூடாதவை

1. ஒரே எதிராளியின் மேல் கண்ணை வைத்துக்கொண்டு இருக்காதீர்கள்.
2010 அபுதாபி, அந்த ஆண்டின் கடைசிப் பந்தயம். புள்ளிப் பட்டியலில் முதலிடம் ஃபெராரியின் அலோன்சோவுக்கு. ரெட்புல்லின் வெப்பர் டயர் மாற்றியதும் அவரைத் தடுக்க அலோன்சோவையும் உள்ளே கூப்பிட்டார்கள். வெளியே வந்தவர் பெட்ரோவின் ரெனோவுக்குப் பின்னால் சிக்கி, கடைசிவரை தாண்ட முடியாமல் 7-ஆவதாக வந்தார். அவர்கள் கவனிக்காமல் விட்ட, வெப்பரின் சக வீரர் வெட்டல் 4 புள்ளி வித்தியாசத்தில் சாம்பியன் ஆனார்.

2. பலனை வைத்து மட்டும் முடிவை எடைபோடாதீர்கள்.
2019 பிரேசிலில், எல்லாக் கார்களையும் மெதுவாக்கும் சேஃப்டி கார் வந்தபோது, முதலிடத்தில் இருந்த வெர்ஸ்டாப்பனை ஹன்னா ஷ்மிட்ஸ் மூன்றாவது முறையாக டயர் மாற்றக் கூப்பிட்டார். முதலிடம் மெர்சிடிஸின் ஹாமில்டனுக்குப் போயிற்று. பந்தயம் மீண்டும் தொடங்கியதும் வெர்ஸ்டாப்பன் புது டயரில் அவரைத் தாண்டி ஜெயித்தார். ஹன்னா வெற்றி மேடை ஏறினார். ஒருவேளை தாண்ட முடியாமல் போயிருந்தால்? அப்போதும் அந்த நிமிடத்தில் கையில் இருந்த தகவலுக்கு அது சரியான முடிவுதான். கோப்பை வந்தும் தப்பான முடிவுகள் உண்டு, தோற்றும் சரியானவை உண்டு. இந்த இரண்டையும் பிரித்துப் பார்க்கத் தெரியாதவர் அடுத்த பந்தயத்துக்கு எதையும் கற்றுக்கொண்டு போக மாட்டார்.

3. தவறை மூடி மறைக்காதீர்கள்.
2018 ஆஸ்திரியா. ஹாமில்டன் முதலிடம். சக வீரர் பொட்டாஸின் கார் நின்றுபோக, விர்ச்சுவல் சேஃப்டி கார் அறிவிக்கப்பட்டது. எல்லோரும் மெதுவாகப் போகும் அந்த நேரத்தில் டயர் மாற்றினால் இழப்பு குறைவு. ரெட்புல்லும் ஃபெராரியும் மாற்றின, மெர்சிடிஸ் மாற்றவில்லை. பிறகு ஹாமில்டன் மாற்றி வந்தபோது நான்காம் இடம். ரேடியோவில் அவருடைய ஆதங்கம் தெரிந்தது. வழக்கமாக அவரோடு பேசுபவர் ரேஸ் இன்ஜினியர். அன்று ஸ்ட்ராட்டஜி தலைவர் ஜேம்ஸ் வவுல்ஸே ரேடியோவில் வந்தார். தப்பு தன்னுடையது, வெற்றியைத் தொலைத்தது தான்தான் என்றார். உலகமே கேட்டுக்கொண்டிருந்தது. யார் மேல் கோபப்படுவது என்ற குழப்பம் தீர்ந்தால்தான் காரோட்டி மிச்ச லேப்புகளை ஒழுங்காக ஓட்ட முடியும். கார் பழுதாகி ஹாமில்டன் அன்று பந்தயத்தை முடிக்கவில்லை. ஆனால் 2023-ல் வில்லியம்ஸ் அணி தன் தலைமைப் பொறுப்பைக் கொடுத்தது இதே வவுல்ஸிடம்தான்.

4. வெற்றிக்காக நேர்மையை விட்டுக்கொடுக்காதீர்கள்.
2008 சிங்கப்பூரில், அப்போது தன்னிடம் இருந்த அலோன்சோ ஜெயிக்க வேண்டும் என்பதற்காக ரெனோ அணி தன் இன்னொரு காரோட்டியான இளைய பிக்கேவை வேண்டுமென்றே சுவரில் மோத வைத்தது. மறு ஆண்டு உண்மை வெளியானதும் அணித் தலைவரும் தலைமை இன்ஜினியரும் வெளியேற வேண்டியதாயிற்று. ஓர் உயிரைப் பணயம் வைத்துப் போடும் கணக்குக்கு ஸ்ட்ராட்டஜி என்று பெயர் சொல்லக் கூடாது.

5. பெண் என்று தயங்காதீர்கள். பிட் வால் உடனே கிடைக்கும் என்றும் எண்ணாதீர்கள்.
ஹன்னா, பெர்னி, ரூத் பஸ்கோம் என்று பெண்கள் தலைநிமிர்ந்து நின்று காட்டிய துறை இது. ஆனால் முதல் சில ஆண்டுகள் தொழிற்சாலை அறையில் திரை முன்னால்தான் கழியும். எதிரணிகளின் ரேடியோவைக் கேட்பது, விதிப்புத்தகம் படிப்பது, பழைய பந்தயங்களை அலசுவது என்று வேலை போகும். வார இறுதிகளை வீட்டார் உங்களுக்கு விட்டுத்தர வேண்டியிருக்கும். முன்கூட்டியே அவர்களிடம் பேசிவிடுங்கள்.

இதற்கெல்லாம் முதல் அடியை, அடுத்த பந்தயம் நடக்கும் ஞாயிற்றுக்கிழமையே வைக்கலாம். ஒரு நோட்டில் மூன்று பத்தி கோடு போடுங்கள்: எந்த லேப், எந்த டயர், ஏன். அணி காரை உள்ளே கூப்பிடும் முன்பே மூன்றையும் நிரப்பிவிடுங்கள். பந்தயம் முடிந்த பிறகு மூன்றாவது பத்தியில் ஒரு எழுத்தையும் திருத்தாதீர்கள். ஓராண்டு கழித்து அதைப் படித்துப் பார்த்தால், நீங்கள் எப்படி யோசிக்கிறீர்கள் என்பது உங்களுக்கே தெரியும்.