மாரியிடம் வெயில் கேட்பவர்கள்

அன்புள்ள மருமகனுக்கு,

உன் கடிதம் சனிக்கிழமை வந்தது. இந்தக் காலத்தில் இன்லண்டு லெட்டர் வாங்கி எழுதுகிற பையன் நீ ஒருத்தன்தான். தபால்காரரே இரண்டு தரம் முகவரியைப் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தார். அம்மா இருக்கன்குடி மாரியம்மனிடம் நடந்துபோய் மழை கேட்கிறாள், பட்டாசு ஆலையில் வேலை பார்க்கிற அப்பா அதே ஆத்தாளிடம் தீபாவளி முடியும்வரை மழை வேண்டாம் என்கிறார், அவள் யார் பேச்சைக் கேட்பாள் மாமா என்று எழுதியிருந்தாய். கேலியாகத்தான் ஆரம்பித்திருக்கிறாய். ஆனால் அதற்கடுத்த வரியில், எதை நம்பி, எதற்காக வாழ்வது என்று தெரியவில்லை என்கிறாயே, அது கேலி இல்லை. அதனால்தான் இந்தப் பதில் நீளமாகப் போகிறது.

நம் ஊர்ப் பக்கம் வானம் பார்த்த பூமி. மேற்கே மலை எழும்பித் தென்மேற்குப் பருவக்காற்றின் மேகத்தைக் கேரளத்துப் பக்கமே கறந்துகொள்கிறது. நமக்கு வருஷத்துக்குச் சுமார் 800 மில்லிமீட்டர். அதிலும் பெரும்பங்கு ஐப்பசி கார்த்திகையில்தான். உன் அம்மாவின் இரண்டு குறுக்கம் கரிசலுக்கு அது போதாது. ஆனால் 1920களில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்றுத் திரும்பியபோது, அந்தத் தொழிலுக்கு வேண்டிய காய்ச்சல் நம் ஊர் வெயிலில் கொட்டிக் கிடந்தது. தீப்பெட்டிக்குப் பின்னால் பட்டாசும் வந்தது. ஆக, உன் அம்மா அப்பா இருவரும் காலையில் எழுந்து பார்ப்பது ஒரே வானத்தைத்தான். வேடிக்கை என்னவென்றால், ஆறு பெருகட்டும் என்று கும்பிடுகிற ஆடிப்பெருக்கு அன்றைக்குத்தான் சிவகாசிக் கடைகளில் தீபாவளி வியாபாரத்துக்குப் பூஜை போடுகிறார்கள். மாரி என்றாலே மழை. அவளிடம் போய் வெயில் கேட்கிற ஊர் நம் ஊராகத்தான் இருக்கும்.

அவள் யார் பேச்சைக் கேட்பாள் என்று எனக்குத் தெரியாது. கேட்கிறவர்களைப் பற்றிக் கொஞ்சம் தெரியும். அதைச் சொல்கிறேன்.

நான் ஃபோர்மேனாக இருந்த பட்டாசு ஆலையில் ஒரு கிழவி வேலை பார்த்தாள். பெயர் வேண்டாம். ரூமுக்குள் நுழையும் முன் வாசலில் இருக்கிற செம்புத் தகட்டைத் தொட வேண்டும் என்பது விதி. உடம்பில் தேங்கிய மின்சாரம் மண்ணுக்கு இறங்கிவிடும். மற்றவர்கள் சில நாள் தொடுவார்கள், சில நாள் மறப்பார்கள். கிழவி ஒருநாளும் மறந்ததில்லை. தொட்ட கையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, "பத்ரகாளி, பத்திரமா வச்சுக்கோ" என்று முனகிவிட்டுத்தான் காலெடுத்து வைப்பாள். நான் அப்போது வாலிபன். அறிவியலைச் சாமியாக்கிவிட்டாளே என்று சிரித்திருக்கிறேன்.

ஒரு புரட்டாசி மாதம், இரவு சாரல். அன்றன்றைக்குக் கலந்த பட்டாசு மருந்தை அன்றன்றைக்கே தீர்க்க வேண்டும். முந்தின நாள் அவசரத்தில் ஒரு தட்டு மிச்சம் தங்கிவிட்டது. அதைப் பார்க்க வேண்டியவன் நான். பார்க்கவில்லை. காலையில் கிழவி தகட்டைத் தொட்டாள், கண்ணில் ஒற்றினாள், வாசலிலேயே நின்றுவிட்டாள். "ஏய்யா, மூத்திர வாடை அடிக்குதே." நான் முகர்ந்து பார்த்தேன். அமோனியா! வெடியுப்பும் அலுமினியப் பவுடரும் சேர்ந்த கலவையில் ஈரம் பட்டால் உள்ளுக்குள்ளேயே வேலை நடக்கும், வாடை கிளம்பும், சூடு ஏறும். வெளியிலிருந்து ஒரு பொறியும் வேண்டியதில்லை. கத்திக்கொண்டே எல்லோரையும் வேலிக்கு அந்தப் பக்கம் விரட்டினோம். அரைமணி கழித்து ரூம் போய்விட்டது. உள்ளே ஆள் இல்லை.

மழை தீயை அணைக்கும் என்றுதானே எல்லோரும் நினைக்கிறோம்? எங்கள் தொழிலில் மழையே தீ வைக்கும். 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டிப் பட்டாசு ஆலை விபத்தில் முப்பதுக்கு மேற்பட்டவர்கள் செத்த செய்தியைக் கேட்டபோது எனக்கு முதலில் நினைவு வந்தது அந்தக் கிழவியின் மூக்குதான்.

அவளைக் காப்பாற்றியது பக்தியா மூக்கா என்று நீ கேட்பாய். நானும் பல வருஷம் கேட்டுப் பார்த்தேன். அவளிடம் அது இரண்டாக இல்லை. வாசலில் நின்று கும்பிட அவள் எடுத்துக்கொண்ட அந்த ஐந்து விநாடிதான் அவள் முகர்ந்து பார்த்த நேரம். அவசரமாக நுழைகிறவனுக்கு அது கிடைக்காது.

அந்தக் கிழவியைப் போலவே கவனித்துக் கும்பிட்ட இன்னொருத்தி ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள்; திருப்பாவையில் நாலாவது பாட்டை மழைக்காகவே வைத்திருக்கிறாள். மார்கழியில் ஒலிபெருக்கியில் கேட்டிருப்பாய், கவனித்திருக்க மாட்டாய். இந்தத் தடவை கவனி. மேகம் கடலுக்குள் போய் நீரை முகந்துகொண்டு மேலேறுவது, கறுப்பது, மின்னுவது, இடிப்பது, பிறகு பெய்வது என்று ஒன்றன்பின் ஒன்றாக வரிசை மாறாமல் வரும். மழை எப்படி உண்டாகிறது என்று பார்த்து வைத்துக்கொண்டு கேட்கிற ஒருத்தியின் பாட்டு அது. கேட்பதும் தன் வீட்டுத் தோட்டத்துக்கு மட்டுமாக இல்லை.

நம்பிக்கை வரவில்லை என்றால் வராமலே இருக்கட்டும், அவசரமில்லை. ஆனால் உன் அம்மா கும்பிடுகிற தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று ஒருமுறை போய்ப் பார். இருக்கன்குடியில் வைப்பாறும் அர்ச்சுனா நதியும் சேர்கின்றன. பல மாதங்களில் சேர்வது மணலும் சீமைக்கருவேலும்தான் என்பது வேறு விஷயம். அங்கிருந்து அர்ச்சுனா நதியைப் பிடித்து மேற்கே போனால் வத்திராயிருப்பு, பிளவக்கல் அணைகள், அதற்கு மேலே சதுரகிரிக் காடு. அந்த மலைத்தொடரில் ஒரு சாம்பல் நிற அணில் இருக்கிறது. பூனை அளவு. அதற்காகவே 1988-ல் சரணாலயம் அறிவித்தார்கள். 2021-ல் மேகமலையோடு சேர்த்துப் புலிகள் காப்பகம் ஆனது. அந்த அணில் கூடு கட்டுவது ஒரு மரத்தின் தலை அடுத்த மரத்தின் தலையைத் தொடுகிற இடத்தில். கிளைக்குக் கிளை தாவியே வாழ்கிற பிராணி. நடுவில் நாலு மரத்தை வெட்டினால் அதற்குப் பாதை அறுந்துபோகும். அதே மரங்கள்தான் மழையைப் பிடித்துவைத்துச் சொட்டுச் சொட்டாக ஓடைக்கு விடுகின்றன. செண்பகத்தோப்பில் காலை ஏழு மணிக்குள் போய் அண்ணாந்து நின்றால் அணிலைப் பார்க்கலாம். கழுத்து வலிக்கும்.

சதுரகிரிக்கு அமாவாசை பௌர்ணமியை ஒட்டிச் சில நாள் மட்டும் விட்டுக்கொண்டிருந்தார்கள் என்று உன் அப்பாவுக்குக் கோபம். 2015 மே மாதம் அந்த மலையில் காட்டாற்று வெள்ளம் வந்து பக்தர்கள் இறந்தார்கள். கீழே வெயில் காய்ந்துகொண்டிருக்கும், மேலே எங்கோ பெய்தது திடீரென்று இறங்கும். கும்பிடப் போன மலையின் குணம் தெரியாமல் ஓடையில் கால் வைக்கக் கூடாது. வனத்துறையின் கெடுபிடியில் எனக்கும் சில மனத்தாங்கல் உண்டு. இந்த விஷயத்தில் இல்லை.

விடுதிப் பையன்கள் உன் அப்பா தொழிலைப் பற்றிப் பேசியதையும் எழுதியிருந்தாய். புகை புகைதான், அதை மறைக்க வேண்டாம். 2018-ல் உச்ச நீதிமன்றம் பட்டாசில் பேரியத்தைத் தடுத்தபோது நானே திட்டினேன், பச்சை வெளிச்சம் தருவதே அதுதானே என்று. இப்போது திட்டுவதில்லை. ஆனால் அந்தப் பையன்களில் ஒருத்தனாவது சரவெடி பின்னிய விரலைப் பார்த்திருப்பானா?

எல்லாவற்றையும் விட்டு எங்காவது போய்விடலாமா என்றும் ஒரு வரி. நம் மாவட்டத்துத் திருச்சுழியில் 1879-ல் பிறந்த பையன் ஒருவன் அப்படிப் போனவன்தான். 1896-ல் மதுரையிலிருந்து திருவண்ணாமலைக்குப் போய் ரமணர் ஆனார். ஆனால் போன இடத்திலும் அவர் குரங்குக்கும் அணிலுக்கும் தீனி போட்டுக்கொண்டிருந்தார். லட்சுமி என்ற பசுவுக்கு ஆசிரமத்தில் சமாதியே இருக்கிறது. ரயில் ஏறுமுன் அதையும் யோசித்துக்கொள்.

உன் அம்மா இந்த வருஷம் முளைப்பாரி எடுக்கிறாள். போன வாரமே விதை பொறுக்க உட்கார்ந்துவிட்டாள். முறத்தில் தட்டாம்பயறு, மொச்சை, சோளம். பூச்சி அரித்ததைத் தள்ளினாள், சுருங்கியதைத் தள்ளினாள். சட்டியில் எரு பரப்பி, வெளிச்சம் படாத அறையில் வைத்து, நாளுக்கு இரண்டு வேளை கையால் தண்ணீர் தெளிப்பாள். எது முளைக்கிறது, எது ஏமாற்றுகிறது என்று அவளுக்குப் பத்து நாளில் தெரிந்துவிடும். அந்தக் கணக்கில்தான் புரட்டாசியில் எந்த விதையைக் கரிசலில் போடுவது என்று முடிவு செய்வாள். உன் அப்பாவும் வேலை முடிந்து ராத்திரி வந்ததும், மருந்துக் கறை போகக் கைகழுவிவிட்டு, அந்த அறைக் கதவைத் திறந்து ஒருமுறை எட்டிப் பார்ப்பார். மழை வேண்டாம் என்கிற மனுஷன்தான்.

ஆடிக் கடைசி வெள்ளிக்கு வா. அம்மாவோடு நடக்க ஆள் வேண்டும். எனக்கு முழங்கால் ஒத்துழைக்காது. மறுநாள் காலை நானும் நீயும் செண்பகத்தோப்புக்குப் பஸ் ஏறுவோம். வரும்போது உன் அப்பாவுக்கு இரண்டு பருத்திச் சட்டை எடுத்து வா. நைலான் கலந்தது வேண்டாம். ஆலைக்குள் போட முடியாது.

உன் மாமா